காசியம்மாள் எல்லை தாண்டினாள்

காசியம்மாள் சோத்துக்கு ஆசைப்பட்டுத்தான் கல்யாணம் பண்ணிக்கொண்டாள் என்று நல்லேரிப்பட்டியில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். அவளையே கேட்டாலும் அதைத்தான் சொல்வாள். "பின்ன, பொன்னன் மூஞ்சிக்கா ஆசைப்பட்டேன்?" என்று திருப்பிக் கேட்பாள். பக்கத்தில் பொன்னன் நின்றுகொண்டிருந்தால் அவனும் சேர்ந்து சிரிப்பான்.

அவள் பிறந்தது வத்தல்மலை மேலே. அங்கே சாமை விளையும், கேழ்வரகு விளையும், நெல் மட்டும் விளையாது. அப்பா வீரன் புளியும் கடுக்காயும் மூட்டை கட்டிக்கொண்டு தர்மபுரிக்கு இறங்கும்போது சில சமயம் அவளையும் கூட்டிக்கொண்டு போவார். அப்படி இறங்கின ஒருநாள் நல்லம்பள்ளிப் பக்கத்தில் யாரோ தெரிந்தவர் வீட்டுக் கல்யாணத்தில் உட்கார வைத்து இலை போட்டார்கள். இலையில் விழுந்தது நெல்லுச்சோறு. வெள்ளை வெளேரென்று, ஆவி பறக்க, ஒரு பருக்கை இன்னொன்றைத் தொட்டும் தொடாமலும் கிடந்தது. சாப்பிட்டு முடித்துக் கை கழுவ மாட்டேன் என்று அடம் பிடித்தாளாம். மலை ஏறும் வழியெல்லாம் கையை மோந்து பார்த்துக்கொண்டே ஏறினாளாம்.

ஆகவே நல்லேரிப்பட்டியிலிருந்து பெண் பார்க்க ஆட்கள் வந்தபோது, மாப்பிள்ளை என்ன நிறம், என்ன உயரம் என்று அவள் பார்க்கவே இல்லை. கதவுக்குப் பின்னாலிருந்து ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள்.

"ஏரிப் பாசன வயலு இருக்குதா?"

"இருக்குதும்மா. மடைக்கு அடுத்த வயலே நம்முளுதுதான்" என்றார்கள்.

"அப்ப தெனமும் நெல்லுச்சோறா?"

பெரியவர்கள் ஆமாம் என்று தலையாட்டப் போனார்கள். பொன்னனுக்குப் பொய் வராது. "தெனமும் களிதாங்க. செவ்வாயும் வெள்ளியும் நெல்லுச்சோறு. நோம்பி நாளுன்னா மூணு வேளையும்" என்றான். பெண் பார்க்கப் போன இடத்தில் பெண்ணுக்கே 'ங்க' போட்ட மாப்பிள்ளையை மலையில் அதுவரை யாரும் பார்த்ததில்லை. அந்த மரியாதைக்காகவா, அந்தச் செவ்வாய் வெள்ளிக்காகவா தெரியாது, காசியம்மாள் சம்மதித்துவிட்டாள்.

வந்த புதிதில் அவளுக்குச் சேற்றில் நிற்கக்கூடத் தெரியவில்லை. முதல் நடவில் முடிச்சு நாற்றோடு முகம் குப்புற விழுந்தாள். "மலைக்காரி வயலுக்கு முத்தம் குடுக்கறா பாருங்கடி" என்று முனியாயி கத்தியதில் வயல் முழுக்கச் சிரித்தது. அந்த முனியாயிதான் பின்னால் அவளுக்கு உயிர்த்தோழி ஆனாள். கொஞ்ச வருசத்தில் நடவு ஆட்களுக்குக் காசியம்மாள்தான் முன்னோடி. அவள் குனிந்தால்தான் மற்றவர்கள் குனிவார்கள். அவள் பாட்டை எடுத்தால்தான் மற்றவர்கள் வாய் திறப்பார்கள்.

அந்தக் காலத்தில் மழைக்கும் ஒரு ஒழுங்கு இருந்தது. ஆடியில் தூறும். ஆவணியில் நாற்று விடுவார்கள். புரட்டாசியில் அடித்துப் பெய்து ஏரி நிரம்பி வழியும். ஏரி வழிவதைக் கோடி போகிறது என்பார்கள். கோடி போகிற சத்தம் ஊருக்குள் கேட்டதும் பெண்கள் புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு நடவுக்கு இறங்குவார்கள். தையில் அறுப்பு. புது நெல்லைக் குத்தி அந்த அரிசியில்தான் பொங்கல் வைப்பார்கள். கடை அரிசியில் பொங்கல் வைக்கிற வீட்டை ஊர் ஒரு மாதிரியாகத்தான் பார்க்கும்.

எண்பதுகள் பாதி தாண்டுவதற்குள் இதெல்லாம் குழம்பிப் போய்விட்டது. ஆடித் தூறல் வருவதே இல்லை. புரட்டாசி மழை ஐப்பசியில் வந்தது, இல்லையென்றால் வராமலே இருந்தது. வந்தாலும் ஒரே நாளில் ஊரையே கழுவி விட்டுவிட்டு, சொல்லாமல் கொள்ளாமல் கிளம்பிப் போனது. ஏரி வறண்டு வெடித்து, மாடு மேய்கிற இடமாகி, கடைசியில் ஆள் நடக்கிற வழியாகவும் ஆகிவிட்டது. பாப்பாரப்பட்டி ரோட்டுக்குப் போகிறவர்கள் யாரும் இப்போது கரையைச் சுற்றிக்கொண்டு போவதில்லை. ஏரிக்குள் இறங்கிக் குறுக்கே நடந்தார்கள். ஒற்றையடிப் பாதை பளபளவென்று விழுந்திருந்தது.

ஊர்க்கவுண்டர் மாதப்பன் வீட்டு ரேடியோவில் சாயங்காலம் வானிலை அறிக்கை படிப்பார்கள். ஓரிரு இடங்களில் இடியுடன் கூடிய மழை பெய்யும் என்று தினமும் வரும்.

"அந்த ஓரிரு எடம் எங்கதாங்க மாமா இருக்குது?" என்று காசியம்மாள் ஒருநாள் கேட்டாள். மாதப்பன் அவளுக்குக் கணவன் வழியில் மூத்தவர், மாமா முறை.

"எங்கயோ இருக்குதும்மா."

"வருசம் பூரா அங்கயே பேஞ்சா அவுங்களுக்குச் சளி புடிக்காதா? ஒரு தடவ இந்தப் பக்கம் அனுப்பச் சொல்லி எழுதிப் போடுங்க."

மாதப்பன் சிரிக்கவில்லை. அவர் சிரிக்கிற ஆள் இல்லை. ஊரிலேயே வற்றாத கிணறு அவருடையது ஒன்றுதான், அதில் மோட்டார் வேறு. அந்தக் கிணற்றுத் தண்ணீரில் மல்பெரிச் செடி போட்டுப் பட்டுப்பூச்சி வளர்த்துக்கொண்டிருந்தார். ஊரில் எல்லாரையும் மல்பெரிக்கு மாறச் சொல்லிக்கொண்டிருந்தார். சொன்னதில் தப்பும் இல்லை. ஒவ்வொருவராக மாறினார்கள். கிணறு இல்லாதவர்கள் கேழ்வரகுக்கும் கொள்ளுக்கும் போனார்கள். பொன்னனும் ஒருநாள் மெல்ல ஆரம்பித்தான்.

"ஊர்க்கவுண்டரு சொல்றாருங்க. நம்ம வயலுலயும் மல்பெரி வெச்சா, அவரு கெணத்துத் தண்ணிய வாரத்துக்கு ஒருக்கா வுடறாராம். பேசாம வெச்சுப்புடலாமான்னு பாக்கறன்." கல்யாணமாகி இத்தனை வருசமாகியும் அவன் பெண்டாட்டிக்குப் போட்ட 'ங்க'வை எடுக்கவில்லை.

"பட்டுப்பூச்சிதான் தின்னும். நீ என்னத்தத் தின்னுவ?"

"களிதாங்க."

"நான் களிக்கா மலைய வுட்டு எறங்கி வந்தேன்?"

பொன்னன் யோசித்துவிட்டு ஒரு வழி சொன்னான். இந்த ஒரு வருசம் பார்ப்போம். இந்தத் தடவை நெல் வந்தால் வயல் நெல்லுக்கு. வராவிட்டால் மல்பெரிக்கு. காசியம்மாள் சரி என்றாள். பானையில் மிச்சமிருந்த விதைநெல் முழுவதையும் எடுத்து முளை கட்டி, ஆவணி கடைசியில் மடைக்குப் பக்கத்தில் நாற்றங்கால் போட்டாள். அந்த வருசம் நல்லேரிப்பட்டியில் நாற்றுவிட்டது அவள் ஒருத்திதான். போகிறவர் வருகிறவர் எல்லாம் நின்று வேடிக்கை பார்த்தார்கள். ஊரில் பச்சையாகத் தெரிந்தது அந்த ஒரு துண்டும் மாதப்பன் மல்பெரியும்தான்.

நாற்றுக்குத் தண்ணீர்? மாதப்பன் கிணற்றில் குடிக்கத் தண்ணீர் எடுக்க எல்லாருக்கும் உரிமை உண்டு. காசியம்மாள் குடிப்பதற்கு என்று சொல்லி எடுத்தாள். எடுத்துக்கொண்டே இருந்தாள். ஒருநாள் மாதப்பன் வரப்பில் வந்து நின்றார்.

"ஏம்மா, உங்க வூட்டுல இருக்கறது ரெண்டே பேரு. என் வூட்டு எருமைங்ககூட இத்தனக் கொடம் குடிக்கல."

"களி தின்னா தாகம் எடுக்குதுங்க மாமா."

"நாத்தங்காலும் களி திங்குதா?"

அன்றோடு அந்த வழியும் அடைபட்டது. புரட்டாசி பிறந்து ஒரு வாரம் போனது. நாற்றின் நுனி மஞ்சளாக ஆரம்பித்தது. அதைப் பார்த்ததும்தான் காசியம்மாள் முனியாயி வீட்டுக்குப் போய், "மழச்சோறு எடுத்தா என்னா?" என்று கேட்டாள்.

மழை பொய்த்தால் அந்தப் பக்கத்துப் பெண்கள் செய்கிற காரியம் இது. வீடு வீடாகப் போய் உப்பில்லாத கூழும் களியும் வாங்கி, ஒன்றாகக் கரைத்துக் கோவில் வாசலில் உட்கார்ந்து சாப்பிடுவார்கள். சாப்பிட்டுக்கொண்டே வருண பகவானை வாய்க்கு வந்தபடி திட்டுவார்கள். சாமியைத் திட்டுகிற சாக்கில் புருசனை, மாமியாரை, பக்கத்து வீட்டுக்காரியை என்று எல்லாரையும் ஒரு சுற்றுத் திட்டிக்கொள்ளலாம். யாரும் கோபித்துக்கொள்ளக் கூடாது. கடைசி நாளில் கிழிந்த பாய், முறம், விளக்குமாறு, சட்டி பானை எல்லாவற்றையும் தலையில் தூக்கிக்கொண்டு, "இந்த ஊரு எங்களுக்கு வாணாம், பஞ்சம் பொழைக்கப் போறோம்" என்று ஒப்பாரி வைத்தபடி எல்லைக்கல் வரைக்கும் போவார்கள். அங்கே ஊர்க்கவுண்டர் ஒரு குடம் தண்ணீரோடு காத்திருப்பார். தண்ணீரை அவர்கள் காலில் ஊற்றி, "மழ வந்துட்டுது தாயிங்களா, வூடு திரும்புங்க" என்பார். உடனே திரும்பிவிட வேண்டும். அவர் கூப்பிடாமல் ஒருத்தி திரும்பினாலும் மழையும் அப்படியே திரும்பிப் போய்விடும் என்று நம்பிக்கை. கூப்பிடுகிற வரைக்கும் உப்பைத் தொடவும் கூடாது.

முனியாயி ஆள் சேர்த்தாள். கூழ் வாங்கி, திட்டித் தீர்த்து, கடைசி நாள் காலையில் ஊரே கோவிலில் கூடியது. மாதப்பன் வேட்டியை வெளுத்துக் கட்டிக்கொண்டு, குடத்தோடும் ஆண்களோடும் முன்னாலேயே கிளம்பி, ஏரிக்கரைக் கடைசியில் புளியமரத்தடியில் இருக்கிற எல்லைக்கல்லுக்குப் போய்விட்டார். பெண்கள் பின்னால் புறப்பட்டார்கள். காசியம்மாள் முன்னால், முனியாயி அவளை ஒட்டி, கன்னடக்காரச் சின்னக்கா ஆட்டுரலைத் தவிர வீட்டிலிருந்த எல்லாவற்றையும் தலையில் ஏற்றிக்கொண்டு நடுவில்.

ஊருக்குள் இருக்கிற வரைக்கும் ஒப்பாரி ஒழுங்காக இருந்தது. ஊர்க்கோடி தாண்டியதும் முனியாயி சொந்தச் சரக்கை எடுத்துவிட்டாள். தன் புருசன் குறட்டை விடுகிற அழகை ஒப்பாரி ராகத்தில் வைத்து, "இடி இடிக்குதுன்னு எழுந்து ஓடினேன், இவரு மூக்குன்னு தெரிஞ்சு அழுதேன்" என்று இழுத்தாள். பின்னால் வந்தவர்கள் ஒப்பாரியை விட்டுவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தார்கள். சின்னக்காவுக்குச் சிரிப்பு வந்தால் தலையில் இருப்பது நிற்காது. ஒரு சட்டி விழுந்து உருண்டது. அதைத் துரத்திக்கொண்டு இரண்டு பேர் ஓடினார்கள். கண்ணீர் வரச் சிரித்துக்கொண்டே நடந்தவர்களின் கால் தன் பாட்டுக்குப் பழகின வழியில் போனது. தினமும் பாப்பாரப்பட்டி ரோட்டுக்கு நடக்கிற வழி. கரைமேல் ஏறாமல், ஏரிக்குள் இறங்கி, குறுக்கே.

தார் ரோட்டில் கால் சுட்டபோதுதான் காசியம்மாள் நின்றாள்.

"ஏ முனியாயி, எல்லக்கல்லு எங்க?"

முனியாயி சுற்றும் முற்றும் பார்த்தாள். இடது கைப்பக்கம், ரொம்பத் தூரத்தில், பின்னால், கரை முடிகிற இடத்தில் புளியமரம் தெரிந்தது. அதன் அடியில் வெள்ளை வெள்ளையாகக் கொட்டைப்பாக்கு அளவில் ஆண்கள் தெரிந்தார்கள். எல்லாரும் கரை வழியையே பார்த்து உட்கார்ந்திருந்தார்கள்.

"அடிப் பாவி, தாண்டிட்டோம்" என்றாள் முனியாயி.

காலங்காலமாக மழைச்சோறு எடுத்த எந்தப் பெண்ணுக்கும் இந்தச் சிக்கல் வந்திருக்காது. ஏரியில் தண்ணீர் இருந்தவரைக்கும் ஊரை விட்டுப் போக ஒரே வழிதான், கரை வழி. அது எல்லைக்கல்லில்தான் கொண்டுபோய் விடும். ஏரிக்குள் நடந்து எல்லை தாண்டலாம் என்பதை முன்னோர் யாரும் நினைத்துப் பார்த்திருக்க மாட்டார்கள்.

"திரும்பிப் போயி கரை வழியா வந்தா என்னா? யாரு பாத்தா?" என்றாள் ஒருத்தி.

"மழ பாக்கும்" என்றாள் காசியம்மாள். அவளுக்குக் கண்முன் நின்றது மஞ்சள் நுனி நாற்றுதான். "கூப்புடாம ஒரு அடி திரும்பினாலும் என் நாத்து போச்சு. யாரும் திரும்பக் கூடாது."

"சத்தம் போட்டு அவங்களக் கூப்புடலாம்."

"நம்மளக் கூப்புடச் சொல்லி நாமளே கூப்புடறதா? எந்த ஊரு வழக்கம் அது?"

"அப்ப இன்னாதான் பண்றது?"

சின்னக்கா தலைச்சுமையைச் சரி செய்துகொண்டாள். அவளுக்குக் குழப்பம் வந்தால் கன்னடம் வந்துவிடும். "நடிரி, நடிரி" என்று ரோட்டைக் காட்டினாள். நடங்கள் என்று அர்த்தம். அவ்வளவுதான், ஏதோ மடை திறந்த மாதிரி எல்லாருக்கும் ஒரே சமயத்தில் குஷி பிறந்துவிட்டது. இன்றைக்கு அடுப்பு மூட்ட வேண்டாம். மாட்டுக்குத் தண்ணீர் காட்ட வேண்டாம். யாருக்கும் எதையும் எடுத்து வைக்க வேண்டாம். பஞ்சம் பிழைக்கப் போகிறவர்களை யார் என்ன கேட்க முடியும்?

பாப்பாரப்பட்டி பஸ் ஒன்று பக்கத்தில் வந்து வேகத்தைக் குறைத்தது. ஜன்னலில் தலைகள் நீண்டன.

"எங்கம்மா கூட்டமா போறீங்க?"

"பஞ்சம் பொழைக்கப் போறோம்" என்றாள் முனியாயி.

"எந்த ஊருக்கு?"

"மழ பேயற ஊருக்கு."

"அப்புடி ஒரு ஊரு இருந்தா சொல்லுங்க, பஸ்ஸையே அந்தப் பக்கம் திருப்பிடறன்" என்றார் டிரைவர். பஸ் போய்விட்டது. பெண்கள் சிரித்த சிரிப்பில் ரோட்டோர வேலியில் இருந்த காடையெல்லாம் பறந்தன.

பாப்பாரப்பட்டி போய்ச் சேர்ந்தபோது வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. கடைத்தெருவே எழுந்து நின்று பார்த்தது. இத்தனை பேர், இத்தனை சட்டி பானையோடு எங்கே உட்காருவது? காசியம்மாளுக்குத் தெரிந்த இடம் நூர் பாஷாவின் அரிசி மில்தான். நல்லேரிப்பட்டி நெல் எல்லாம் அங்கேதான் அரிசியாகும். மில் வாசலில் நிழலுக்குத் தகரக் கொட்டகை உண்டு. எல்லாரும் அதன் கீழே சுமையை இறக்கினார்கள்.

நூர் பாஷா மாவு படிந்த தாடியோடு வெளியே வந்தார். "யா அல்லா" என்றார். "என்னா தங்கச்சி, ஊரையே பேத்து எடுத்துகினு வந்துட்டீங்க?"

காசியம்மாள் நடந்ததைச் சொன்னாள். பாதிக் கதையிலேயே அவர் கொட்டகைக் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிரித்து முடித்துவிட்டு, "அதுக்கென்ன, நான் கூப்புடறன். மழ வந்துட்டுது தாயிங்களா, வூடு திரும்புங்க. போதுமா?" என்றார்.

"நீங்க எங்க ஊருக்காரர் இல்லியே பாய்."

"ஏன் இல்ல? உங்க ஊரு நெல்லத் தின்னு வளந்த மில்லு இது. இப்பப் பாருங்க, நெல்லு மெஷினுல செலந்தி குடும்பம் நடத்துது. கேவுரு அரச்சு அரச்சு என் தாடிகூட கேவுரு நெறத்துக்கு மாறிப்போச்சு. மழ உங்களவிட எனக்குத்தான் மொதல்ல வேணும்."

இதில் கொஞ்சம் நியாயம் இருப்பதாகச் சிலருக்குப் பட்டது. காசியம்மாள் அசையவில்லை. கூப்பிட வேண்டியவர் ஊர்க்கவுண்டர். குடத்துத் தண்ணீர் காலில் விழ வேண்டும். அதற்குக் குறைந்து எதுவும் செல்லாது.

உள்ளேயிருந்து பாஷாவின் மனைவி ரஹமத் பீவி வந்தார். வந்தவர் யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. வெயிலில் வதங்கின முகங்களைப் பார்த்தார், திரும்பிப் போனார். கொஞ்ச நேரத்தில் பெரிய தேக்சாவில் சுடச்சுட நெல்லுச்சோறும், இன்னொன்றில் பருப்பும் கத்திரிக்காயும் போட்ட தால்ச்சாவும் வந்து இறங்கின. மணம் கொட்டகை முழுக்கப் பரவியது. முனியாயி கண்ணை மூடிக்கொண்டாள்.

"பீவிம்மா, இதுல உப்பு இருக்குதுங்களா?" என்று காசியம்மாள் கேட்டாள்.

"உப்பில்லாம யாரும்மா சமைப்பாங்க?"

"அப்ப நாங்க சாப்புடக் கூடாதுங்க."

முனியாயி கண்ணைத் திறந்தாள். "காசி, உனக்கு மனசாட்சியே கெடையாதா?"

சோற்றுக்காக மலையை விட்டு இறங்கினவள், தட்டில் ஆவி பறக்கிற சோற்றை வைத்துக்கொண்டு தொடாமல் உட்கார்ந்திருந்தாள். அவளுக்கும் வாயில் நீர் ஊறியது. ஆனால் இது பீவிம்மா வீட்டுச் சோறு. அவளுக்கு வேண்டியது மடைக்கு அடுத்த வயல் சோறு. இதைத் தின்றால் அது இல்லை என்று ஆகிவிடும். வீடு வீடாக வாங்கினதில் மிச்சமாகச் சட்டியில் கொண்டுவந்திருந்த உப்பில்லாத களியை ஆளுக்கு ஒரு உருண்டை கொடுத்தாள். எல்லாரும் அதை மென்றுகொண்டே தால்ச்சாவைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

எல்லைக்கல்லில் நடந்ததைப் பின்னால் பொன்னன் சொன்னான். ஆண்கள் காத்திருந்து காத்திருந்து, பெண்கள் இன்னும் புடவை மாற்றுகிறார்கள் போலிருக்கிறது என்று பேசிக்கொண்டு, ஆடுபுலி ஆட்டம் ஆடி, அதிலும் அலுத்துப்போய் ஊருக்குள் வந்து பார்த்தால் ஒரு வீட்டிலும் அடுப்புப் புகையவில்லை. மழை இல்லாததை வருசக்கணக்காகத் தாங்கினவர்கள் மத்தியானச் சாப்பாடு இல்லாததைத் தாங்க முடியாமல் ஆடிப்போய்விட்டார்கள். பாப்பாரப்பட்டியிலிருந்து திரும்பின பஸ் டிரைவர்தான் விசயத்தைச் சொன்னார்.

அதே பஸ் மறுபடி பாப்பாரப்பட்டிக்குப் போனபோது அதில் ஏறி வந்தார்கள். மாதப்பன் முன் சீட்டில், மடியில் தண்ணீர்க் குடம். பள்ளம் மேட்டில் குலுங்கியதில் பாதித் தண்ணீர் வெளுத்த வேட்டியில் இருந்தது. மில் வாசலில் இறங்கி நின்றபோது பாதி பாப்பாரப்பட்டி அங்கே கூடியிருந்தது.

"என்னாம்மா காசி இது, ஊரு மானமே போவுது. எழுந்திரு. மழ வந்துட்டு..." என்று குடத்தைச் சாய்த்தார் மாதப்பன்.

காசியம்மாள் காலை இழுத்துக்கொண்டாள். "இருங்க மாமா. மழ எங்க வந்துச்சு?"

மாதப்பனுக்குப் புரியவில்லை. "எங்க வந்துச்சா? வழக்கமா சொல்ற வார்த்ததானம்மா."

"எல்லையில சொல்லியிருந்தா வழக்கம். நாங்க எல்லையத் தாண்டிட்டோம் இல்லீங்களா? நெசமாவே பஞ்சம் பொழைக்க வந்துட்டோம். இப்ப வெறும் வார்த்தைக்கு எப்புடித் திரும்பறது? நாளைக்கு மழ எங்கன்னு நான் வருணனப் போயி கேக்க முடியுமா? சொன்ன வாயத்தான கேக்க முடியும்."

கூட்டத்தில் சிரிப்பு கிளம்பியது. "சரியான பேச்சு" என்றார் நூர் பாஷா.

"இன்னாதான் பண்ணச் சொல்ற?"

"என் நாத்தங்காலுக்குத் தண்ணி வுடுங்க. மழ வர்ற வரைக்கும்."

"அதான பாத்தன்" என்றார் மாதப்பன். குடத்தைக் கீழே வைத்தார். "கெணத்துல அடியில கெடக்கறது எம்மாந்தண்ணின்னு உனக்கே தெரியும். மல்பெரி ஒருநாளு காஞ்சா பூச்சி அத்தனையும் செத்துப்போவும். நான் இன்னா பண்ணுவன்?"

அதுவும் உண்மைதான். காசியம்மாள் அவர் முகத்தைப் பார்த்தாள். பயந்துபோன முகமாகத்தான் இருந்தது. குரலைத் தணித்துக்கொண்டாள்.

"மாமா, மோட்டாரு போட்டதும் மொதல்ல கலங்கலா சேத்துத் தண்ணி வருமில்லீங்களா? அது எலைல பட்டா பூச்சிக்கு ஆவாதுன்னு நீங்க வாய்க்கால்ல தள்ளி வுடறீங்க. அந்தத் தண்ணிய மட்டும் என் பக்கம் திருப்புங்க. நாத்துக்குச் சேறு கசக்காது. நாத்தங்கால் பெருசும் இல்ல. ரெண்டு பொடவ காயப் போடற எடந்தான்."

மாதப்பன் யோசித்தார். பின்னாலிருந்து ஆண்களில் ஒருவன், "ஒத்துக்கோங்க கவுண்டரே, பசி உயிரு போவுது" என்றான். பொன்னன் பெண்டாட்டியையே பார்த்துக்கொண்டிருந்தான். கல்யாணத்தன்றுகூட அவன் அப்படிப் பார்த்ததில்லை.

"சரி, கலங்கத் தண்ணி மட்டுந்தான்" என்றார் மாதப்பன்.

"எல்லாருக்கும் கேட்டுச்சா?" என்று காசியம்மாள் கூட்டத்தைப் பார்த்துக் கேட்டாள். கேட்டது என்று பாப்பாரப்பட்டி பதில் சொன்னது. காலை நீட்டினாள். மாதப்பன் குடத்தைச் சாய்த்து, ஒரு வார்த்தையும் விடாமல் அந்தப் பழைய வாக்கியத்தை முழுசாகச் சொன்னார். அவர் 'திரும்புங்க' என்று முடிப்பதற்கும் முனியாயி வாயில் தால்ச்சாச் சோறு போவதற்கும் சரியாக இருந்தது. அப்புறம் அந்தக் கொட்டகையில் ஆண் பெண் என்று பார்க்காமல் எல்லாரும் உட்கார்ந்து சாப்பிட்டதில் ரஹமத் பீவி இரண்டாம் தரம் உலை வைக்க வேண்டியிருந்தது.

மழை அன்றைக்கு வரவில்லை. அந்த வாரமும் வரவில்லை. புரட்டாசி முழுக்க வானம் வாயைத் திறக்கவே இல்லை. ஆனால் கரண்ட் வருகிற நேரமெல்லாம் மாதப்பன் கிணற்றிலிருந்து கலங்கல் தண்ணீர் வாய்க்கால் வழியாக வந்து, நாற்றங்காலை நனைத்துவிட்டுப் போனது. சொன்ன சொல்லை மாதப்பன் ஒருநாளும் தவறவில்லை. போகப்போக, கலங்கல் தெளிந்த பிறகும் மடையை மாற்ற மறந்துபோகிற பழக்கம் அவருக்கு வந்தது.

ஐப்பசி பாதி தாண்டினபின் மழை வந்தது. வரவேண்டிய திசையில் இல்லாமல் வேறு திசையிலிருந்து, இரண்டு மூன்று நாளில் கொட்ட வேண்டியதையெல்லாம் கொட்டிவிட்டுப் போனது. கோடி போகவில்லை. ஏரியின் பள்ளத்தில் முழங்கால் அளவு தண்ணீர் நின்றது. நாற்று அதற்குள் வயசு தாண்டி உயரமாகிக் கணு விட்டிருந்தது. "கெழவியக் கொண்டாந்து கல்யாணத்துக்கு உக்கார வெக்கற" என்றாள் முனியாயி. காசியம்மாள் நுனியைக் கிள்ளிவிட்டு, குத்துக்கு நாலைந்து நாற்றாக, நெருக்கி நட்டாள். இருக்கிற தண்ணீருக்கு வயல் முழுக்க நெல் தாங்காது என்று அவளே சொன்னாள். பள்ளத்துப் பாதியில் நெல். மேட்டுப் பாதியில் கேழ்வரகு. பொன்னன் மல்பெரி என்ற பேச்சையே எடுக்கவில்லை.

தை வந்தபோது அவள் பயிர் அப்போதுதான் பால் பிடித்துக்கொண்டிருந்தது. ஊர் கடை அரிசி வாங்கிப் பொங்கல் வைத்தது. காசியம்மாள் வாசலில் கோலம்கூடப் போடவில்லை.

"என்னாடி, பொங்கல் வெக்கல?" என்று கேட்டாள் முனியாயி.

"என் வூட்டுக்கு இன்னும் பொங்கல் வர்ல."

அன்றைக்கு அவள் வீட்டில் களி. பொன்னன் முணுமுணுக்காமல் தின்றான். ஊர் அவளைப் பார்த்துச் சிரித்தது. சிரிக்கட்டும் என்று கதிரைக் கொத்த வந்த குருவியை விரட்டிக்கொண்டு வரப்பில் நின்றாள்.

அறுப்பு மாசியில் வந்தது. களத்தில் குவித்தபோது பெரிய அம்பாரம் ஒன்றும் இல்லை. கிழட்டு நாற்றுக்கு அவ்வளவுதான் வரும். காசியம்மாள் ஒரு கை நெல்லை எடுத்து மோந்து பார்த்தாள். பிறகு வேலையை ஆரம்பித்தாள். வீட்டை மெழுகினாள். வாசல் நிறையக் கோலம் போட்டாள். பொன்னன் மாட்டுக் கொம்புக்கு வண்ணம் பூசினான். மாடுகள் ஒன்றும் புரியாமல் விழித்தன. சந்தையில் கரும்பு முடிந்துபோயிருந்ததால் இரண்டு சோளத்தட்டையை நட்டு வைத்தாள். புதுப் பானையில் மஞ்சள் கொத்து கட்டி, புது அரிசி போட்டு, நடு வாசலில் அடுப்பு மூட்டினாள்.

"மாசியில பொங்கலா? ஊரு உலகத்துல நடக்குமா?" என்று வேலிக்கு அந்தப் பக்கம் குரல்கள் கேட்டன. கேட்டவர்கள் கேட்டுவிட்டுப் போகாமல் உள்ளே வந்து உட்கார்ந்துகொண்டார்கள். சின்னக்கா வந்தாள். முனியாயி புருசனோடு வந்தாள். பெண்கள் குலவை போட்டார்கள். பானை விளிம்பில் நுரை கட்டியது. புது அரிசி மணம் தெருவுக்குப் போய் அங்கேயும் சிலரைக் கூட்டி வந்தது.

மாதப்பன் அந்தப் பக்கமாகச் சும்மாதான் போனார். சும்மாதான் நின்றார். காசியம்மாள் அவருக்கு ஒரு பலகை எடுத்துப் போட்டாள்.

"தேதி தெரியாத பொம்பளையா இருக்கியேம்மா" என்றார், உட்கார்ந்துகொண்டே.

"மழைக்குத் தேதி தெரியலீங்க மாமா. நெல்லு அதுங்கூடப் போவுது. நான் நெல்லுகூடப் போறன்."

"அப்ப வர்ற வருசம் நாத்து எப்ப வுடப்போற? ஆவணியிலயா?"

"ஒரு மாசம் தள்ளித்தான் வுடணும் போல இருக்குதுங்க. புரட்டாசி பாத்துட்டு."

மாதப்பன் பலகையை அடுப்புப் பக்கமாக இழுத்துப் போட்டுக்கொண்டார். "எனக்கும் கெணத்து மேட்டுல ஒரு துண்டு சும்மா கெடக்குது" என்றார். "நீ வுடும்போது சொல்லு. நானும் ஒரு கை வுட்டுப் பாக்கறன்."

அந்த நேரம் பானை பொங்கி, நாலு பக்கமும் வழிந்து, அடுப்பில் சுர்ரென்று இறங்கியது. முனியாயி முதலில் கத்தினாள். பொங்கலோ பொங்கல் என்று வாசலே கத்தியது. மாசி மாசத்துப் பட்டப்பகலில் தெருவில் போன ஒரு வெளியூர்க்காரர் சைக்கிளை நிறுத்தி, விரலை மடக்கி மாசத்தை எண்ணிப் பார்த்துக்கொண்டிருந்தார். காசியம்மாள் கரண்டியோடு வெளியே வந்து, இலை இருக்குது, உள்ள வாங்க என்று அவரையும் கூப்பிட்டாள்.